இருபதாம் ரேக்கின் முதல் பதிவேடு

பிறப்பு இறப்புப் பதிவறையின் தலைமை எழுத்தரை எல்லோரும் ரேக்கார் என்றுதான் கூப்பிடுவார்கள். கார் வைத்திருந்ததால் அல்ல. அவரிடம் இருந்தது அடிக்கடி சங்கிலி கழன்றுவிடும் ஒரு சைக்கிள். பழைய பதிவேடுகளை நூற்றாண்டுவாரியாக இரும்பு ரேக்குகளில் அடுக்கி, ஒவ்வொன்றின் தலையிலும் தன் கையாலேயே எண் எழுதி ஒட்டியவர் அவர். ஆயிரத்து எண்ணூற்றுச் சொச்சம் எல்லாம் ரேக் பத்தொன்பது. ஆயிரத்துத் தொள்ளாயிரம் தொடங்கி ரேக் இருபது. முன்னால் உள்ள இரண்டு இலக்கம் மாறினால் ரேக்கும் மாறும், அவ்வளவுதான் அவர் கணக்கு.

அவரோடு ஒரே வருடம் வேலைக்குச் சேர்ந்த பெண் எழுத்தர் ஒருவர் எதிர் மேஜையில் இருந்தார். இரண்டு வயது மூத்தவர். இவர் அக்கா என்பார், அவர் தம்பி என்பார். தலைமைப் பதவி காலியானபோது இருவருமே தேர்வு எழுதினார்கள். நாற்பத்தொன்பது கேள்விகள் வரை இருவரும் சரிசமம். ஐம்பதாவது கேள்வி: ஆயிரத்துத் தொள்ளாயிரமாவது ஆண்டு எந்த நூற்றாண்டு? இவர் இருபது என்று எழுதினார். அக்கா பத்தொன்பது என்று எழுதினார். திருத்திய அதிகாரிக்குச் சந்தேகம் வந்து, பதிவறைக்கே இறங்கி வந்து, ரேக்கின் தலையில் ஒட்டியிருந்த சீட்டைப் பார்த்துவிட்டுப் போய் இருபதுக்கு மார்க் போட்டார்.

மறுநாளிலிருந்து அக்கா இவரை "சார்" என்றார். அதில் குத்தலே இல்லை.

பத்து மாதம் கழித்து, அப்பாவின் பிறப்புச் சான்றிதழுக்காக ஒருவர் வந்தார். அப்பாவின் வயதைக் கேட்டபோது, "எழுபது. இல்ல, எழுபது முடியலை, நடக்குது" என்றார். எழுதிக்கொண்டிருந்த ரேக்காரின் பேனா நின்றுவிட்டது. ஆண்டுக் கணக்கு ஒன்றில்தானே தொடங்குகிறது? நூறாவது ஆண்டு முடிந்தால்தானே முதல் நூறு முடியும்? அப்படியானால் ஆயிரத்துத் தொள்ளாயிரத்தில் பத்தொன்பதாவது நூறு இன்னும் நடந்துகொண்டுதானே இருக்கிறது? எதிர் மேஜையைப் பார்த்தார். அக்கா தலை நிமிராமல் நகல் எழுதிக்கொண்டிருந்தார்.

அன்றே சொல்லியிருக்கலாம். நாளைக்கு, நாளைக்கு என்று மனிதர் நாளைக் கடத்தினார். அக்கா என்று கூப்பிடவும் நாக்கு கூசியது. "இந்தாங்க", "இங்க பாருங்க" என்றே வருடங்களை ஓட்டினார்.

திங்கட்கிழமைதோறும் தூசி தட்டும்போது, அக்கா ஆயிரத்துத் தொள்ளாயிரமாவது ஆண்டின் பதிவேட்டை மட்டும் ரேக் பத்தொன்பதின் கடைசியில் வைத்துவிடுவார். அவர் வீட்டுக்குப் போனதும் இவர் அதை எடுத்து இருபதில் வைப்பார். தப்பு என்று தெரிந்த பிறகும் விடவில்லை. அங்கேயே விட்டால் ஒப்புக்கொண்டதாகிவிடுமே என்ற பயம். சொந்தப் பதிவறையிலேயே திருட்டு முழி முழித்துக்கொண்டு அந்த வேலையைச் செய்தார்.

அக்கா ஓய்வு பெறும் நாள் வந்தது. வழியனுப்பும் பேச்சைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ரேக்கார் உள்ளே வந்தார். அக்கா கடைசி முறையாகத் தூசி தட்டி முடித்திருந்தார். அந்தப் பதிவேடு ரேக் இருபதில் இருந்தது.

"இது எப்படி இங்க?"

"நானே வச்சிட்டேன் சார். இனிமே மாத்தி வைக்க நான் இருக்க மாட்டேன். உங்களுக்கும் எடுத்து வைக்கிற சிரமம் வேணாம்."

ரேக்காருக்கு முகம் சுண்டிப்போனது. இத்தனை வருடமும் அக்கா பார்த்துக்கொண்டேதான் இருந்திருக்கிறார்.

"அந்தக் கேள்விக்கு நீங்க எழுதினதுதான் சரி," என்றார். "நான் ஒட்டின சீட்டுதான் தப்பு. தெரிஞ்சும் வாயைத் திறக்கலை. அந்த நாற்காலி உங்களோடது."

அக்கா தூசித் துணியை நாலாக மடித்தார். "எப்போ தெரிஞ்சுது?"

நேத்துத்தான் என்ற பொய் நாக்கு நுனி வரை வந்தது. விழுங்கினார். "ஒம்பது வருஷமா."

"ஒம்பது முடிஞ்சுதா, நடக்குதா தம்பி?"

ரேக்கார் பதிவேட்டை உருவினார். அதை ரேக் பத்தொன்பதின் கடைசியில் செருகிவிட்டுத் திரும்பாமலே சொன்னார்:

"முடிஞ்சுதுக்கா. பத்து நடக்குது."