மேடம் பேசாமல் இருந்த நேரம்

நான் எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவள். இங்கிலீஷ் எழுத்துக் கூட்டிப் படிக்க வந்ததே ஷார்ஜாவுக்கு வந்த பிறகு, கடைப் பலகைகளைப் பார்த்துத்தான். அப்படிப்பட்ட என்னை ஒரு வெள்ளைக்கார நடிகைக்கு எதிர்வசனம் படிக்க உட்கார வைத்தால் என்ன ஆகும்?

மேடத்துக்கு எழுபது தாண்டியிருக்கும். துபாயில் மகனோடு இருந்தார். நான் ஷார்ஜா ரோலாவிலிருந்து தினமும் பஸ் பிடித்துப் போய் அந்த வீட்டில் சமையலும் துடைப்பும் பார்த்தேன். இங்கிலாந்து டிவியில் நெடுங்காலம் நடித்தவர் என்று தெரிந்ததும் துடைத்துக்கொண்டிருந்த கிண்ணத்தைக் கீழே போட்டு உடைத்தேன். மேடம் சிரித்துவிட்டு, பழைய காட்சிகளை லேப்டாப்பில் போட்டுக் காட்டினார். ஒன்றில் நர்ஸாக வந்து திரையை இழுத்துவிடுகிறார். ஒன்றில் கதவைத் திறந்து, “அவர் வீட்டில் இல்லை” என்கிறார். ஒன்றில் பிணம்.

ரூமில் சொன்னதும் என் வீட்டுக்காரர் விழுந்து விழுந்து சிரித்தார்.

“பொணமா நடிக்கிறதெல்லாம் ஒரு நடிப்பாடி? நான் பில்டிங் சைட்டுலேர்ந்து வந்து படுத்தா அப்படித்தானே கெடக்கேன்?”

“நீங்க கொறட்டை விடுவீங்க. அவங்க மூச்சே விடக்கூடாதாம்.”

“அப்ப கஷ்டந்தான்.”

அந்த வருடம் மேடத்துக்கு லண்டனிலிருந்து ஓர் அழைப்பு வந்தது. லேப்டாப் வழியே டைரக்டர் முன்னால் நடித்துக் காட்ட வேண்டும். பிடித்தால் வேடம் கிடைக்கும். மகனைக் காணாத ஒரு தாய். போலீஸ்காரர் ஒரு சட்டையைக் காட்டி, “இது உங்கள் மகனுடையதா?” என்று கேட்பார். அவனுடையதுதான். ஆனால் தாய் ‘நோ’ என்பாள்.

“நான் நடித்த யாருக்கும் பெயர் இருந்ததில்லை. இவளுக்கு இருக்கிறது” என்றார் மேடம்.

போலீஸ்காரர் வசனத்தைப் பெரிய எழுத்தில் எழுதிக் கொடுத்தார். ஒரு வாரம் படித்தோம். நான் கேட்பேன், உடனே ‘நோ’ என்பார். “இப்போது வார்த்தை மட்டும் போதும். நடிப்பு அன்றைக்கு” என்றார். எனக்கு அது சரியாகப் புரியவில்லை. புரியாததைத் திருப்பிக் கேட்கப் பயம்.

இன்னொரு பயமும் இருந்தது. மேடத்தின் மகன் ஒருநாள் லிப்ட் வரை கூடவே வந்து, “அம்மா எதையாவது மறந்தால் எனக்கு மெசேஜ் போடு” என்று சொல்லியிருந்தார். அதிலிருந்து மேடம் கண்ணாடியைத் தேடினால்கூட நான் ஓடிப்போய் எடுத்துக் கொடுத்துவிடுவேன்.

அன்றைக்குத் திரையில் டைரக்டரும் இன்னும் இரண்டு பேரும் இருந்தார்கள். நான் லேப்டாப்புக்குப் பின்னால் உட்கார்ந்து போலீஸ்காரரின் கேள்வியைக் கேட்டேன். மேடம் மேஜைமேல் வைத்திருந்த ஒரு பழைய சட்டையைப் பார்த்தார். பேசவில்லை. பார்த்துக்கொண்டே இருந்தார். உதடு அசைந்து நின்றது. ஐயோ, மறந்துவிட்டார் என்று நினைத்தேன்.

“நோ, மேடம். நோ” என்றேன்.

திரையில் யாரோ சிரிப்பை அடக்கினார்கள். மேடம் கலங்காமல் வசனத்தைச் சொல்லி முடித்தார். இன்னொரு முறை செய்யட்டுமா என்று கேட்டார். இதுவே போதும், நன்றி என்றார்கள்.

லேப்டாப்பை மூடிவிட்டு மேடம், “ஏன் சொன்னாய்?” என்றார்.

“மறந்துட்டீங்கன்னு நெனச்சேன் மேடம்.”

“மறக்கவில்லை. அந்தத் தாய் யோசித்துக்கொண்டிருந்தாள்.” பிறகு, “என் மகன் உன்னிடம் ஏதாவது சொன்னானா?” என்று கேட்டார்.

‘நோ’ என்று சொல்லியிருக்கலாம். அந்த வாரம் முழுவதும் அந்த ஒரு சொல்லைத்தானே கேட்டுக்கொண்டிருந்தேன்! வாயில் வரவில்லை. ஆமாம் என்று தலையாட்டினேன். நாற்காலிக் கையைப் பிடித்துக்கொண்டு மெதுவாக உட்கார்ந்தார்.

வேடம் வேறொருவருக்குப் போனது. என்னாலா என்று யாரும் சொல்லவில்லை. மேடம் லண்டனுக்குப் போன் போட்டு, இனி வேடத்துக்கு அழைக்க வேண்டாம், நடிகர் பட்டியலிலிருந்து தன் பெயரை எடுத்துவிடுங்கள் என்றார். மகனிடம் ஒன்றும் கேட்கவில்லை. என்னையும் வேலையை விட்டு நிறுத்தவில்லை.

அதற்குப் பிறகு நான் உள்ளே நுழைந்ததும், நான் கேட்காமலே, இன்று என்ன கிழமை என்று சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்ப்பார். “ஆமா மேடம்” என்பேன்.