ஃபார்மேட் பண்ண விடமாட்டேன்

1998, தீபாவளி நெருங்கிய சமயம். தி.நகரில் உஸ்மான் ரோட்டை ஒட்டிய ஒரு சந்தில் சின்ன டி.டி.பி. கடை. அங்கே நான் ஆபரேட்டர். கல்யாணப் பத்திரிகை, கல்லூரி மலர், ஆராய்ச்சிக் கட்டுரை என்று வருவதையெல்லாம் தமிழில் டைப் அடித்து, பக்கம் அமைத்துக் கொடுக்க வேண்டும். கடையில் இருந்ததே ஒரு கம்ப்யூட்டர்தான்.

அன்று காலை அது ஒழுங்காகத்தான் ஆன் ஆனது. ஆனால் பக்கம் அமைக்கும் சாஃப்ட்வேரைத் திறந்ததும் நடுவில் ஒரு சாம்பல் நிறப் பெட்டி வந்து நின்றது. ஏதோ ஒரு டி.எல்.எல். ஃபைலைக் காணவில்லை என்று ஆங்கிலத்தில் ஒரு வரி. ஓ.கே. கொடுத்தால் எல்லாம் மூடிக்கொண்டது.

முதலாளி எட்டிப் பார்த்தார். "என்னம்மா பண்ணித் தொலைச்சே? எதையாவது நோண்டினியா?"

இல்லை என்று சொன்னதை அவர் காதிலேயே வாங்கவில்லை. சர்வீஸ்காரரைக் கூப்பிட்டார். அவர் வந்து ரெண்டு தட்டு தட்டிப் பார்த்துவிட்டு, "விண்டோஸே காலி சார். ஃபார்மேட் பண்ணாதான் வேலைக்கு ஆவும். உள்ள கீறது எல்லாம் பூடும்" என்றார்.

உள்ளே இருந்தது மயிலாப்பூரிலிருந்து வரும் ஓர் ஆராய்ச்சி மாணவியின் தீசிஸ். இரண்டொரு நாளில் பல்கலைக்கழகத்தில் கொடுத்தாக வேண்டும். படங்களோடு சேர்ந்து பெரிதாகிவிட்டதால் ஃபிளாப்பியில் அடங்காது. வேறு நகலும் கிடையாது. கடைசித் திருத்தம் பார்க்க வந்திருந்த அவர் முகம் வெளுத்து உட்கார்ந்திருந்தார்.

முதலாளி அவரிடம் என்னைக் கைகாட்டினார். "எல்லாம் இந்தப் பொண்ணு செஞ்ச வேலை. நாளைலேர்ந்து நீ வர வேண்டாம்மா."

அழுகை வரும் என்று நினைத்தேன். வந்தது கோபம். கீபோர்டை என் பக்கம் இழுத்துக்கொண்டேன்.

"யாரும் இதுல கை வைக்கக் கூடாது சார். ஃபைலைக் காணோம்னுதானே சொல்லுது? எல்லாம் கெட்டுப்போச்சுன்னு சொல்லலையே!"

சர்வீஸ்காரர் சிரித்தார். "மேடம், டி.எல்.எல்.னா இன்னான்னு தெரியுமா?"

"தெரியாது. நீங்க சொல்லுங்க."

அவர் தலையைச் சொறிந்தார். "அது பொது ஃபைலு மேடம். நாலு சாஃப்ட்வேர் ஒண்ணையே யூஸ் பண்ணிக்கும்."

எனக்குப் பளிச்சென்றது. வீட்டைக் காலி செய்த குடித்தனக்காரர், எல்லோருக்கும் பொதுவான தண்ணி மோட்டாரையும் கழற்றிக்கொண்டு போனால் எப்படி இருக்கும்? அப்படித்தான் ஏதோ நடந்திருக்க வேண்டும். முதலாளியிடம் திரும்பினேன். "நேத்து நான் போனப்புறம் கம்ப்யூட்டர்லேர்ந்து எந்த சாஃப்ட்வேரையாவது எடுத்தீங்களா சார்?"

"என்னையே கேள்வி கேக்கறியா?"

மாணவி எழுந்துவிட்டார். "அவங்க கேட்டதுக்குப் பதில் சொல்லுங்க சார். போகப்போறது என் தீசிஸ்."

சிநேகிதர் ஒருவர் கொடுத்த ஜாதகம் கணிக்கும் சாஃப்ட்வேரை வேண்டாமென்று எடுத்துவிட்டேன் என்றார் முதலாளி. "ஷேர்டு ஃபைலு, எடுக்கட்டுமான்னு என்னமோ கேட்டுது. எஸ் குடுத்தேன்." சர்வீஸ்காரர் சொன்ன பொது ஃபைல்தான் அது.

காணாமல் போன ஃபைலின் பெயரை உள்ளங்கையில் எழுதிக்கொண்டேன். மேற்கு மாம்பலத்தில் என் தோழி வேலை பார்த்த கடையிலும் பக்கம் அமைக்க இதே சாஃப்ட்வேர்தான். நான் கிளம்பியதும் மாணவி ஸ்டூலை இழுத்துப்போட்டு, கம்ப்யூட்டரை யாரும் நெருங்க முடியாதபடி உட்கார்ந்துகொண்டார்.

ரங்கநாதன் தெருவில் தீபாவளிக் கூட்டம். ஜவுளிப் பைகளுக்கு நடுவே இடித்துக்கொண்டு, ஸ்டேஷன் பாலம் ஏறி இறங்கி, தோழியிடம் விஷயத்தைச் சொன்னேன். அவள் கம்ப்யூட்டரில் தேடியதில், விண்டோஸின் சிஸ்டம் ஃபோல்டரில் அதே பெயரில் ஃபைல் இருந்தது. ஃபிளாப்பியில் ஏற்றி, தூறலில் நனையாமல் துப்பட்டாவில் சுற்றிக்கொண்டு திரும்பினேன். எங்கள் கம்ப்யூட்டரிலும் அதே ஃபோல்டரில் காப்பி செய்து, சாஃப்ட்வேரைத் திறந்தேன்.

மறுபடியும் அந்தச் சாம்பல் பெட்டி.

"நான்தான் அப்பவே சொன்னேன்ல?" என்றார் சர்வீஸ்காரர். முதலாளி முகத்தில் ஒரு திருப்திகூடத் தெரிந்தது. நான் அந்த வரியை எழுத்துக் கூட்டிப் படித்தேன். பெயர் வேறு!

"இது வேற ஃபைல் சார். அப்ப முதல்ல கேட்டது கிடைச்சிடுச்சு. இப்ப இன்னொண்ணைக் கேக்குது."

திரும்பவும் அதே கூட்டம், அதே பாலம். "இன்னாடி, இதே வேலையா கீறியா?" என்று தோழி சிரித்துக்கொண்டே காப்பி செய்து கொடுத்தாள்.

இந்த முறை பெட்டி வரவில்லை. தீசிஸின் முதல் பக்கம் திரையில் விரிந்தது. மாணவி என் தோளை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். எங்கே காப்பி செய்தேன் என்று சர்வீஸ்காரர் குனிந்து பார்த்து, "சரிதான் மேடம்" என்றார்.

முதலாளி மட்டும், "சரி சரி, வேலையைப் பாரு" என்றார்.

நான் உட்காரவில்லை. "வர வேண்டாம்னு இவங்க முன்னாடி சொன்னீங்க சார். அதை இவங்க முன்னாடியே வாபஸ் வாங்குங்க."

அவர் வாசலைப் பார்த்தார், மின்விசிறியைப் பார்த்தார். யாரும் அவருக்கு உதவிக்கு வரவில்லை. கடைசியில், "தப்பு என்னுதுதாம்மா. உக்காரு" என்றார். அதற்குப் பிறகுதான் உட்கார்ந்தேன்.

அதன் பிறகு எத்தனையோ கம்ப்யூட்டர்களைச் சரிசெய்துவிட்டேன். ஆனால் செய்யாத தப்பை என் தலையில் கட்டியபோது பையை எடுத்துக்கொண்டு படியிறங்கிப் போய்விடாமல், என்ன நடந்தது என்று கேட்டு நின்றேனே, அந்தப் பிடிவாதம்தான் இன்றுவரை எனக்குச் சோறு போடுகிறது, தலை நிமிர்ந்து நடக்கவும் வைக்கிறது.