உமேஷ் கலக்கிய திராட்சை ஜின்

என் பக்கத்து வீட்டு உமேஷுக்குத் தன் கையின் மேல் இருக்கும் நம்பிக்கை கொஞ்சநஞ்சமல்ல. அவனுடைய அண்ணன்மார் இருவரும் சுங்குடிச் சேலை விற்கிறார்கள். இவன் மட்டும் கேட்டரிங் படித்து, உல்லாசக் கப்பலில் ஒன்பது வருடம் பாரில் நின்றான். குடிக்கிற பழக்கம் கிடையாது. எதைக் கலக்கினாலும் ஸ்ட்ராவில் ஒரு சொட்டு எடுத்து நாக்கில் வைப்பான், அதோடு சரி. "எனக்கே போதை வந்துட்டா ஒங்களுக்கு யாரு மாப்ள அளந்து ஊத்துறது?" என்பான்.

இனிக் கப்பலுக்குப் போவதில்லை என்ற முடிவோடு போன மாதம் வந்திறங்கினான். மகள் இந்துப்ரியா நாலாம் வகுப்புக்கு வரும்வரை அப்பாவை லீவில் மட்டும்தான் பார்த்திருக்கிறாள். கப்பல் கம்பெனி மாதக் கடைசிக்குள் பதில் கேட்டிருந்தது. மதுரையில் வேலை கிடைக்காவிட்டால் மறுபடி பெட்டி கட்ட வேண்டியதுதான். அவன் ஏறி இறங்கிய ஹோட்டல்களில், பைபாஸில் ஹோட்டல் வைத்திருக்கும் முத்துப்பாண்டி ஒருவர்தான் காது கொடுத்தார். "ஞாயித்துக்கெழம மதியம் ஒங்க வீட்டுக்கே வாரேன். கலந்து குடுங்க. புடிச்சுருச்சுன்னா எங்க பாருக்கு நீங்கதான் பொறுப்பு" என்றார்.

சனிக்கிழமை ஒத்திகை. குடிக்கும் பொறுப்பு என்னுடையது. பன்னீர் திராட்சையைக் கொட்டை உடையாமல் நசுக்கி வடிகட்டினான். கொட்டை உடைந்தால் கசக்குமாம். அறுபது மில்லி ஜின், இருபத்தைந்து மில்லி எலுமிச்சைச் சாறு. திராட்சையே இனிப்பு என்பதால் சர்க்கரைப் பாகு பதினைந்துதான். "புளிப்பு முன்னாடி வரணும், இனிப்பு பின்னாடி வரணும், ஜின்னு நடுவுல கமுக்கமா ஒக்காந்திருக்கணும்" என்றான். ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பார்த்துத் தலையாட்டினான். பிறகு ஐஸ் போட்டுக் குலுக்கி, கிளாஸிலும் ஐஸ் போட்டு ஊற்றி நீட்டினான்.

என்னுடையது குவார்ட்டருக்குப் பழகிய நாக்கு. வாங்கி ஒரே மடக்கில் குடித்துவிட்டு, ஊறுகாய் இருக்கிறதா என்று கேட்டேன். உமேஷ் தலையில் அடித்துக்கொண்டான். ஆனால் சத்தியமாகச் சொல்கிறேன், அவ்வளவு ருசியான ஒன்றை என் ஆயுளில் நான் குடித்ததில்லை.

மறுநாள் முத்துப்பாண்டி வந்தார். அதே கலவை, அதே அளவு. ஒரு வாய் குடித்து, "பிரமாதம்" என்றார். எனக்கே வேலை கிடைத்தது போல் இருந்தது. மனிதர் பேச்சுக்காரர். கிளாஸைக் கையில் வைத்துக்கொண்டே ஹோட்டல் லிஃப்ட் பழுதான கதையைக் கால் மணி நேரம் சொன்னார். அதன் பிறகு இரண்டாவது வாய் குடித்தவருக்கு நெற்றி சுருங்கியது.

"லேசா கரிக்கிற மாதிரி இருக்கே தம்பி."

நானாக இருந்தால், வெளிநாட்டில் இப்படித்தான் உப்பு போடுவார்கள் என்று அளந்துவிட்டிருப்பேன். உமேஷ் கிளாஸை வாங்கி ஒரு சொட்டு நாக்கில் வைத்தான். முகம் மாறியது. மனைவி தேவிகாவிடம் அவர்கள் பாஷையில் ஏதோ கேட்டான். அவள் பாத்திரம் கழுவும் சிங்க் குழாயைக் காட்டினாள். சௌராஷ்டிரம் தெரியாத எனக்கும் விஷயம் விளங்கிவிட்டது. எங்கள் தெருவில் சிங்க்கில் வருவது போர்த் தண்ணீர், உப்பு. நல்ல தண்ணீர் தனியாகக் குடத்தில் இருக்கும். பச்சைப் பிள்ளைக்கும் இது தெரியும். கப்பலில் எந்தக் குழாயைத் திறந்தாலும் ஒரே தண்ணீர். அந்தப் பழக்கத்தில் ஐஸ் டிரேயை சிங்க்கில் பிடித்து வைத்திருக்கிறான் இந்தப் புத்திசாலி. ஐஸ் உருகும் முன்பே நான் ஒரே மடக்கில் குடிக்காமல் இருந்திருந்தால் சனிக்கிழமையே தெரிந்திருக்கும். அதை நினைத்து எனக்கு வெட்கமாக இருந்தது.

"தப்பு என்னுதுதாண்ணே. உப்புத்தண்ணியில ஐஸ் போட்டுட்டேன்" என்று சொல்லி, கிளாஸில் இருந்ததைக் கொட்டினான். "இனிமே புதுசா ஐஸ் போட்டு, அது கட்டியாக மூணு மணி நேரம் ஆகும்."

"அதனால என்ன, ஐஸ் இல்லாம குடுங்க."

"அப்படிக் குடுத்தா அது நான் செஞ்சதா இருக்காதுண்ணே."

நான் எழுந்து, "கடையில போயி ஐஸ் வாங்கியாரேன்" என்றேன். "அது என்ன தண்ணின்னு ஒனக்குத் தெரியுமா மாப்ள?" என்று கேட்டு என்னை உட்கார வைத்தான்.

முத்துப்பாண்டி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "சரி, பாப்போம்" என்று கிளம்பிவிட்டார். எங்கள் ஊரில் அந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம் என்று யாருக்கும் சொல்லித்தர வேண்டாம்.

"பொழைக்கத் தெரியாத பயலா இருக்கியேடா" என்று அவனைத் திட்டித் தீர்த்தேன். அவன் குடத்துத் தண்ணீரை மொண்டு டிரேயில் ஊற்றினான். "மொத வாயில அவரு முகத்தப் பாத்தேல்ல? கலவையில கொற இல்ல மாப்ள" என்றான்.

நாலு மணிக்கு அவன் போன் அடித்தது. முத்துப்பாண்டிதான். ஸ்பீக்கரில் போட்டான்.

"தம்பி, நேரா ஹோட்டலுக்குப் போயி, நம்ம பார்ல ஐஸு எந்தத் தண்ணியில போடுறீங்கன்னு கேட்டேன். ஒருத்தன் மூஞ்சிய ஒருத்தன் பாக்குறாய்ங்க. ஒருத்தனுக்கும் தெரியல. நீங்க நாளைக்கே வந்து சேருங்க."

உமேஷ் ஃப்ரீசரைத் திறந்து, டிரேயை விரலால் தட்டிப் பார்த்தான்.

"வாரேண்ணே. ஆனா ஐஸு இப்பத்தான் கட்டியிருக்கு. மொதல்ல நீங்க வந்து ஒரு கிளாஸ் முழுசா குடிங்க, பெறகு வேலையப் பத்திப் பேசுவோம்."