பொஸ்னியாவிலிருந்து வந்தவருக்கு விரித்த மெத்தை

பொஸ்னியாவில் போர் முடிந்துவிட்டதென்று தொலைக்காட்சி சொன்ன குளிர்காலத்தில், டென்மார்க்கின் இக்காஸ்டில் எங்கள் வீட்டுக்கு ஒரு போராளி வந்தார். எனக்குப் பத்து வயது. அவர் அல்ஜீரியாக்காரர். முன்பு அப்பாவோடு துணி ஆலையில் ஒரே மெஷினில் நின்றவர். ஒருநாள் வேலையை விட்டுவிட்டு, தன் சொந்தக்காரர் ஒருவருமில்லாத பொஸ்னியாவுக்குச் சண்டைபிடிக்கப் போனார். இப்போது வெளிநாட்டுப் போராளிகள் வெளியேற வேண்டுமாம். மூன்று நாள் தங்க இடம் கேட்டார்.

அப்பாவுக்குச் சம்மதம். அம்மாவுக்கு இல்லை. எங்கள் வதிவிட விண்ணப்பத்துக்கு இன்னும் பதில் வரவில்லை. இவரைத் தேடிப் பொலிஸ் வந்தால் எங்களையும் சேர்த்துத் திருப்பி அனுப்பிவிடும் என்று குசினிக்குள் நின்று சொன்னார். எனக்கு அது போதும். படியில் யார் ஏறினாலும் சப்பாத்துச் சத்தத்தை வைத்து அது பொலிஸா என்று கணிக்கத் தொடங்கினேன். கீழ்மாடிப் பொஸ்னியப் பெண்ணும், இவரைத் தங்கள் நாட்டுச் சண்டைக்குத் தாங்கள் கூப்பிடவில்லையே என்று அப்பாவிடம் சொல்லியிருந்தாள்.

ஆனாலும் மத்தியானம் புட்டும் மீன்குழம்பும் வைத்தோம். டெனிஷ் தெரியாத அம்மாவுக்கு நான்தான் மொழிபெயர்ப்பாளர். மனிதர் எல்லாரும் ஒன்றுதான், அதில் முஸ்லிம் என்ன மற்றவன் என்ன என்றார் அப்பா. அப்படியென்றால் அங்கே வெட்டிக் கொல்லும்போது அந்த எல்லாரும் எங்கே போனார்கள் என்று வந்தவர் கேட்டார். ஐ.நா.வின் வெள்ளை வாகனங்களில் வந்து பார்த்துக்கொண்டு நின்றார்களாம். தன் மார்க்கத்துச் சகோதரனுக்கு வலித்தால் தனக்கு வலிக்கும், அதனால் போனாராம். அப்பா விடவில்லை. யாழ்ப்பாணத்தில் முஸ்லிம்களும் நாங்களும் ஒரே தெருவில் அண்ணன் தம்பி மாதிரி என்றார். அப்பா எங்களுக்கு ஐந்து வருடம் முன்பே டென்மார்க் வந்துவிட்டவர்.

இப்போது அவர்கள் எங்கே என்று வந்தவர் கேட்டார்.

அப்பா அம்மாவைப் பார்த்தார். நான் கேள்வியைத் தமிழில் சொன்னேன்.

"முஸ்லிம் சனத்தை உடுத்த உடுப்போட ஊரைவிட்டுப் போகச் சொன்னவங்கள்," என்றார் அம்மா. "எங்கட ஆக்கள்தான். துவக்கோட நிண்டவங்கள்."

"அதை ஏன் இப்ப கதைக்கிறாய்?" என்றார் அப்பா.

"பிள்ளை, நீ சொல்லு அவருக்கு. பக்கத்து வீட்டுத் தையல்காரரின்ர மனுசி எங்கட படலையில வந்து நிண்டு கூப்பிட்டவா. நான் கதவைத் திறக்கேல்லை."

ஒரு சொல் விடாமல் டெனிஷில் சொன்னேன். பிழையில்லாமல் சொன்னதில் கொஞ்சம் பெருமையும் இருந்தது.

வந்தவர் சாப்பாட்டுக் கோப்பையைத் தள்ளிவைத்தார். அம்மா எழும்பிப் போய் மெத்தையைக் கொண்டுவந்து ஹோலில் போட்டு, புது விரிப்பை விரித்தார்.

"தங்கட்டும். பொலிஸ் வந்தால் நான் கதைக்கிறன்."

எந்த மொழியில் கதைப்பார் என்று நான் யோசித்தேன். ஆனால் வந்தவர் எழும்பினார். நெஞ்சில் கைவைத்து அம்மாவுக்குத் தலைகுனிந்துவிட்டுச் சப்பாத்தைப் போட்டார். அப்பா கூப்பிட்டபடி வெளிக்கதவுவரை போனார். வந்தவர் திரும்பவில்லை.

எனக்குப் போன உயிர் வந்தது. இனிப் பொலிஸ் வராது என்று அம்மாவிடம் ஓடிப்போய்ச் சொன்னேன். அம்மா போய் வெளிக்கதவின் பூட்டைத் திறந்துவிட்டார். அந்த மெத்தை மூன்று நாளும் ஹோல் நடுவே கிடந்தது. வேலைக்குப் போகும் அப்பா அதைச் சுற்றிக்கொண்டு போனார். அம்மா மறந்துவிட்டார் என்று நினைத்து, நாலாம் நாள் பள்ளிக்கூடத்தால் வந்ததும் நானே சுருட்டி அலுமாரிக்குள் வைத்தேன்.

அதற்கு அம்மா என்னை ஏன் அடித்தார் என்றோ, அடித்துவிட்டு ஏன் அவரே அழுதார் என்றோ எனக்கு விளங்கவில்லை.