நிலக்கரித் தூளில் எழுந்தவள்

எனக்கு எழுபத்தாறு வயது. ஐந்து பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கியிருக்கிறேன். எழுத்துக் கூட்டித்தான் எழுதுவேன்; எழுதியதைப் பேத்தி பாப்பாதான் படித்துக் காட்டுவாள். ஆனால் பார்த்ததைத்தான் எழுதுவேன்.

எங்கள் பிளாக்கில் மாடி வீட்டுக்காரர், நிலக்கரி மைன்ஸில் ஷிப்ட் முடித்து வந்ததும் கார்ட்டூன் படம் எடுப்பார். அடியில் விளக்கு எரியும் கண்ணாடி மேல் நிலக்கரித் தூளைக் கொட்டி, பிரஷ்ஷால் உருவம் செய்வார். அதை நெல்லளவு நகர்த்தி ஒரு போட்டோ எடுப்பார், மறுபடி நகர்த்துவார். தூள் பறந்துவிடாமலிருக்க, ஒவ்வொரு போட்டோவுக்கும் மூச்சை அடக்கிக்கொள்வார். நகக்கண் எல்லாம் கறுப்பு.

நான் முறுக்கு கொடுக்கப் போன அன்று, தலையில் கை வைத்து உட்கார்ந்திருந்தார்.

"பேச்சே இல்லாத படம் ஆயா. வாசல்ல மகன் வந்து நிக்கிறான், தரையில குந்தியிருக்கற அம்மா எழுந்திருக்கணும். அவ்ளோதான் கதை. ரெண்டு நாளா எழுப்புறேன், பொம்மையாட்டமே எழுந்திருக்கிறாங்க."

எடுத்தவரை ஓட்டிக் காட்டினார். பார்த்தேன். "முட்டியப் புடிச்சிகினு எழுந்திருக்க இவ என்ன நோயாளியா? புள்ளையப் பாத்தா இப்புடியா எழுந்திருப்பா?"

உட்கார்ந்து எழுந்து காட்டினேன். முதலில் கண் வாசலுக்குப் போகும். அப்புறம் காலுக்கடியில் மாட்டிய சேலையை இழுத்துக்கொள்வோம். பிறகுதான் கை தரையில் ஊன்றும்.

"இன்னொரு தபா எழுந்திருங்க ஆயா."

ஒன்பது தடவை எழுந்தேன். "நடிக்கிறவளுக்கு ஒரு டீயாவது குடுப்பா" என்றேன். அவர் சிரித்துக்கொண்டே, இரண்டு நாள் எடுத்த போட்டோவை எல்லாம் அழித்தார்.

பத்து நாள் கழித்துப் போனில் காட்டினார். தூளில் செய்த அம்மா வாசலைப் பார்த்தாள், சேலையை இழுத்தாள், எழுந்தாள். முடிந்த பிறகுதான் தெரிந்தது, நானும் மூச்சை அடக்கியிருந்தேன். அவர் அம்மாவும் இப்படித்தான் எழுந்திருப்பாளோ என்று நினைத்துக்கொண்டேன்.

பாப்பா, ஆயா எழுதினத ஒரு தடவ படிச்சிக் காட்டு. அவ எழுந்திருக்கிற எடத்துல மட்டும் அவசரப்படாத.