தார்ப்பாயை அவிழ்த்தவன்

என் அக்கா தையல்காரி. கோபத்தை ஊசியில் கோத்து வைத்திருக்கிறாள் என்று வீட்டில் கேலி செய்வோம். அத்தான் இறந்த பிறகு வாடகை அறையில் இருந்தாள். மழைக்காலத்துக்கு முன் காலி செய்யச் சொல்லிவிட்டார்கள். அப்பா விட்டுப்போன வீடு ஒன்று பூட்டிக் கிடந்தது. அதில் குடிபோய்விட வேண்டும், அவ்வளவுதான் அவளுக்கு வேண்டியது.

கையில் ஏதாவது சேரும்போதெல்லாம் ஒரு ஜன்னல், ஒரு கதவு என்று சரிசெய்தாள். நடு அறையின் மண்சுவரைப் புதிதாகப் பூசினாள். அந்த அறைக்கு மட்டும் கூரை பாக்கி. ஓடு சரிந்த இடத்தில் தானே ஏறித் தார்ப்பாயைக் கட்டினாள்.

ஒருநாள் சட்டைக்கு அளவு கொடுக்க வந்த பெண் போனை நீட்டினாள்.

“இந்த வீடியோவப் பாருங்கக்கா, எவ்வளவு அழகு! யாருமே இல்லாத வீடாம்.”

எங்கள் வீடு. எவனோ ஒருவன் தேன் ஒழுகும் குரலில், மனிதர்கள் மறந்த வீடு, மௌனமாகச் சிதையும் பேரழகு என்று உருகிக்கொண்டிருந்தான். நடு அறையில் கூரை ஓட்டை வழியாகப் பளீரென்று வெயில் விழுந்தது.

அக்காவின் கத்தரிக்கோல் நின்றது. “தார்ப்பாய் எங்கடி?” என்றாள் என்னிடம்.

அதற்குள் நல்ல மழை பெய்து ஓய்ந்திருந்தது. ஓடிப்போய்ப் பார்த்தோம். பூசிய சுவர் பாதி சரிந்து சேறாகக் கிடந்தது. தார்ப்பாயை மட்டும் அழகாகச் சுருட்டி மூலையில் வைத்திருந்தான், மகராசன்.

வீடியோவில் இருந்த எண்ணுக்குக் கூப்பிட்டு, அந்த வீட்டைப் பற்றிப் பேச வேண்டும் என்றேன். கேமராவோடு வந்து நின்றான்.

“யாரும் இல்லேன்னு நெனச்சுக் கூரை வழியா எறங்கிட்டேன்க்கா.”

“அப்போ தார்ப்பாய் என்ன, தானா ஏறி உக்காந்துச்சா? அத ஏன்டா அவுத்த?” என்றேன் நான்.

“அது நீலமாச்சேக்கா. ரூம் முழுக்க நீல வெளிச்சம். படத்துல நல்லாவே இல்ல.”

அவன் இடிந்த சுவரையே பார்த்துக்கொண்டிருந்தான். கண் மின்னியது.

“இப்போ இன்னும் அழகா இருக்கு. ரெண்டே நாள் இத இப்படியே விட்டு வைங்களேன்க்கா.”

நான் செங்கல்லைத் தேடினேன். அக்கா தார்ப்பாயைத் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய் ஏணியில் ஏறினாள். அவள் வெளியே போனதைச் சம்மதம் என்று நினைத்தானோ என்னவோ, அந்தப் பேரழகன் சேற்றில் மண்டியிட்டுப் படம் எடுக்கத் தொடங்கினான்.

சரசரவென்று மேலே சத்தம் கேட்டது. அறை நீலமாக மங்கியது.

“அக்கா, வெளிச்சம் போயிடுச்சு!”

“கூரை போட்டா போகத்தான் செய்யும்,” மேலிருந்து அக்காவின் குரல் வந்தது. “இன்னைக்கே நான் இங்க குடி வரேன். இனிமே வந்தா கதவத் தட்டு.”