மூன்று ரூபாய்ச் சீட்டு

செவிலிமேட்டுக்கு அப்பால் ஏரிக்கரையில் தூண்டில் போட்டிருக்கிறேன். சட்டைப்பையில் மூன்று ரூபாய் கட்டி வாங்கிய அனுமதிச் சீட்டு. ஊட்டியில் டிரவுட் மீன் பிடிப்பவர்களுக்காக அச்சடித்தது அது. ‘டிரவுட்’டை அடித்துவிட்டுக் ‘கெண்டை’ என்று எழுதித் தந்திருக்கிறார் மீன்துறை ஆபீஸ் குமாஸ்தா.

ஏரியை ஏலம் எடுத்தவரின் மச்சான் தராசோடு வருகிறார். நெசவுக்காரர், அமாவாசை என்பதால் தறிக்கு விடுமுறை, ஏரிக்குக் காவல். சீட்டை ஒரு வரி விடாமல் படிக்கிறார்.

“எல்லாம் சரியாத்தான் இருக்குது சார். தூண்டில் போடலாம். மீனு மட்டும் எங்களுது. மாட்டுச்சுன்னா கிலோ ரெண்டு ரூபாய்னு நீங்க வாங்கிக்கணும்.”

“திரும்பத் தண்ணியிலயே விட்டுட்டா?”

“முள்ளு குத்துன மீனு பொழைக்காது சார். காசு குடுத்துதான் ஆவணும். நான் இங்கயே குந்திக்கினு இருக்கேன், நீங்க தைரியமா புடிங்க.”

தூண்டில் தக்கை அசையக் கூடாதே என்று ஏகாம்பரநாதரை வேண்டிக்கொண்டிருக்கிறேன்.